துகில் வளர்ந்த படம்

தென்னிந்தியாவில் முதன்முதலாக எடுக்கப்பட்ட ஊமைக் கதைப்படம் ‘கீசக வதம்’. அதை எடுத்தவர் அடுத்து எடுத்த படம் ‘திரௌபதி வஸ்திராபரணம்’. புதுச்சேரியில் திரௌபதி அம்மன் கோயில் உள்ள பாகூர், வில்லியனூர்ப் பக்கத்துக் கிராமங்களில் இந்த இரண்டு பெயர்களைச் சொன்னால், பெரியவர்கள் அது கூத்தில் எத்தனையாவது இரவு என்றுதான் கேட்பார்கள். இரண்டும் நம் பாரதக் கூத்தின் கதைகள். தீமிதிக்கு முந்தைய நாட்களில், விடிய விடிய மண்ணில் உட்கார்ந்து, போர்த்திக்கொண்டு பார்த்த கதைகள். அந்தக் கதைகளைக் கையில் எடுத்துக்கொண்டுதான் இந்தப் பக்கத்துச் சினிமா நடக்கத் தொடங்கியது என்பது நம்மில் பெரும்பாலோருக்குத் தெரியாது. தெரிந்துகொள்ள நாம் ஆசைப்படவும் இல்லை.

நாம் என்று எழுதும்போது என்னையும் சேர்த்துத்தான் எழுதுகிறேன். வில்லியனூர் கொம்யூனில் பிறந்து வளர்ந்தவன் நான். கூத்தும் பார்த்தேன், டெண்ட் கொட்டாயில் படமும் பார்த்தேன். இரண்டும் ஒவ்வொன்றாகக் கைவிட்டுப் போனபோது ஊரோடு சேர்ந்து சும்மா நின்றேன்.

முதலில் கூத்தில் துகிலுரியும் இரவைச் சொல்ல வேண்டும். திரௌபதி வேடம் கட்டியவர் களரியின் நடுவில் தலைவிரி கோலமாக நிற்பார். துச்சாதனன் குதித்து ஆடி, அடவு வைத்து, அவர் அருகே வருவார். சேலையில் கை வைக்கும் நேரத்தில் கூத்து நின்றுவிடும். துச்சாதன வேடக்காரர் ஆட்டத்தை விட்டு வெளியே வந்து, சூடம் ஏற்றி, அம்மனிடம் மன்னிப்புக் கேட்டுக்கொள்வார். அதன் பிறகுதான் தொடுவார். இழுக்க இழுக்க, ஒன்றோடொன்று முடிந்த சேலைகள் வந்துகொண்டே இருக்கும். பெட்ரோமாக்ஸ் வெளிச்சத்தில் முடிச்சுகள் நன்றாகவே தெரியும். முன்வரிசையில் உட்கார்ந்திருக்கும் பெண்கள் அந்த முடிச்சுகளைப் பார்த்துக்கொண்டே கை கூப்புவார்கள். கண்ணன் சேலை கொடுக்கிறான் என்பதும் உண்மை, சேலைகளை முடிந்து வைத்தது யார் என்பதும் தெரியும். இரண்டும் ஒரே மனசுக்குள் சண்டையில்லாமல் இருந்தன.

அந்தச் சேலையை முடிச்சுத் தெரியாமல் வளரவைக்கும் வாய்ப்பு இந்தப் பக்கத்தில் முதன்முதலாக, அந்த இரண்டு படங்களையும் எடுத்த நடராஜ முதலியாருக்குத்தான் கிடைத்தது. வேலூர்க்காரர். சென்னையில் மோட்டார் கார்களும் உதிரிபாகங்களும் விற்றுக்கொண்டிருந்த வியாபாரி. சலனப்படம் எடுக்கும் ஆசை வந்து, பூனாவில் படம்பிடித்துக்கொண்டிருந்த ஸ்டூவர்ட் ஸ்மித் என்ற ஆங்கிலேயக் காமிராக்காரரிடம் போய்த் தொழிலைக் கற்றுக்கொண்டார். கீழ்ப்பாக்கத்தில் மில்லர்ஸ் சாலையில் இந்தியா பிலிம் கம்பெனி என்று தொடங்கினார். பெரிய விளக்குகளெல்லாம் கிடையாது. தலைக்கு மேலே மெல்லிய வெள்ளைத் துணியை இழுத்துக் கட்டி, அதன் வழியாக இறங்கும் வெயிலில்தான் படப்பிடிப்பு. சென்னை வெக்கையில் பிலிமைக் கழுவ முடியாது என்று, அந்த வேலையைப் பெங்களூரில் வைத்துக்கொண்டார். 1917, 1918 வாக்கில் ‘கீசக வதம்’ வெளிவந்தது. பிறகு துகிலுரியும் படம், ‘லவ குசா’, ‘மார்க்கண்டேயா’, ‘காளிங்க மர்த்தனம்’ என்று வரிசையாகப் புராணப் படங்கள். ஆளை மறையவைக்கவும் தோன்றவைக்கவும் நடுவானில் நிறுத்தவும் இடம்கொடுக்கும் கதைகளாகவே எடுத்தார். ஊமைப்படத்துக்குப் பேச்சு இல்லை. அதனால் சனங்களுக்கு ஏற்கெனவே தெரிந்த கதையாக இருக்க வேண்டும். கண்ணால் மட்டும் பார்த்து வாய்பிளக்க அதில் ஏதாவது இருக்கவும் வேண்டும். கூத்துப் பார்க்கிற சனங்களை மனசில் வைத்துக்கொண்டு எடுத்த படங்கள் அவை என்றே நினைக்கிறேன்.

அவற்றில் ஒன்றுகூட இன்று இல்லை. சேலை எப்படி வளர்ந்தது என்று பார்க்க வழியில்லை. தென்னிந்தியாவில் நூற்றுக்கும் மேற்பட்ட ஊமைப்படங்கள் எடுக்கப்பட்டன. இன்று பார்க்கக் கிடைப்பது ‘மார்த்தாண்ட வர்மா’ என்ற ஒரே ஒரு படம்தான். நாகர்கோவில்காரரான சுந்தர்ராஜ் 1933-ல் வெளியிட்டது. அதுவும் நம் அக்கறையால் பிழைக்கவில்லை. படத்துக்கு மூலமான நாவலின் பதிப்புரிமை சம்பந்தமாக வழக்கு வந்து, படச்சுருள் திருவனந்தபுரத்துப் பதிப்பகத்தாரின் கையில் அடைபட்டுக் கிடந்தது. பல ஆண்டுகள் கழித்து, 1974-ல் தேசியத் திரைப்பட ஆவணக் காப்பகம் அதை வாங்கிப் பாதுகாத்தது. வழக்கில் சிக்காமல் ஊர் ஊராகச் சுற்றிய மற்ற படங்களெல்லாம் போய்விட்டன.

கீழ்ப்பாக்கத்தில் எடுத்த படம் தொலைந்ததற்கு வில்லியனூர்க்காரர்களும் பாகூர்க்காரர்களும் எப்படிப் பொறுப்பாவார்கள் என்று கேட்கலாம். நானும் பல காலம் அப்படித்தான் கேட்டுக்கொண்டிருந்தேன். படம் எடுத்தவர்கள் வைத்திருக்க வேண்டும், சர்க்கார் வாங்கியிருக்க வேண்டும், பெரிய ஊர்க்காரர்கள் பார்த்திருக்க வேண்டும் என்று சொல்லிவிட்டால் நமக்கு வேலை இல்லை. ஆனால் அந்தக் காலத்து ஊர்சுற்றிப் படக்காரர்கள் படத்தை மொத்த விலைக்கு வாங்கி, ஓட்டி, ஓட்டி, கீறல் விழுந்து, துண்டு துண்டாகும்வரை காட்டினார்கள். பெரிய ஊரில் தொடங்கும் சுருள் கடைசியாக வந்து சேருமிடம் கிராமத்துத் திருவிழாதான். அதற்குமேல் ஓட்ட முடியாத பிலிமில் வெள்ளி இருந்தது. சுரண்டி எடுத்தால் காசு. மிச்சமிருந்த செல்லுலாய்டை உருக்கினால் வளையல் ஆகும். ஆக, படத்தைக் கடைசியாகக் கையில் வைத்திருந்தவர்கள் நம்மைப் போன்ற சனங்கள். அது ஓடாத பொருள் என்று முடிவு செய்ததும் நாம்தான்.

அந்தப் புராணப் படங்களின் மாயங்களெல்லாம் எங்கிருந்து வந்தன என்பதையும் கொஞ்சம் சொல்லவேண்டும். அந்தக் கதையில் பிரெஞ்சுக்காரர்களுக்கு ஒரு பங்கு இருக்கிறது.

பாரிஸில் ழோர்ழ் மெலியெஸ் என்றொரு வித்தைக்காரர். 1888-ல் ராபேர் ஊதேன் என்ற பழைய மாயாஜால அரங்கத்தை விலைக்கு வாங்கி நடத்திக்கொண்டிருந்தார். 1895 டிசம்பர் 28-ந் தேதி லூமியேர் சகோதரர்கள் கிராண்ட் கஃபேயில் சலனப்படம் காட்டியபோது பார்த்தவர்களில் அவரும் ஒருவர். அடுத்த ஆண்டே படம் எடுக்கத் தொடங்கிவிட்டார். ஓப்பேரா சதுக்கத்தில் தெருவைப் படம்பிடித்துக்கொண்டிருந்தபோது காமிரா சிக்கி நின்றதாகவும், சரிசெய்து மறுபடி சுற்றி, பிறகு திரையில் போட்டுப் பார்த்தபோது, போய்க்கொண்டிருந்த பயணிகள் வண்டி சட்டென்று சவ ஊர்வல வண்டியாக மாறியதாகவும் அவரே சொல்லியிருக்கிறார். அந்தத் தந்திரத்தின் வேலை இவ்வளவுதான்: காமிராவை அசைக்காமல் கைப்பிடி சுற்றுவதை நிறுத்த வேண்டும். மற்ற எல்லோரும் நின்ற நிலையிலேயே நிற்க, மறைய வேண்டியவர் வெளியே போய்விட வேண்டும். மறுபடி சுற்ற வேண்டும். திரையில் பார்க்கிறவருக்கு, இருந்த ஆள் இருந்த இடத்திலேயே காற்றாகிப் போவார். 1896-ல் மெலியெஸ் ஒரு பெண்ணை இப்படி நாற்காலியிலிருந்து மறையவைத்தார். மேடையில் அதைச் செய்யக் கீழே ரகசியக் கதவு வேண்டும். படத்துக்கு அதுவும் வேண்டாம்.

எடுத்த பிலிமையே பின்னால் சுற்றி, அதன் மேலேயே இன்னொரு தரம் எடுத்தால் இரண்டு உருவங்கள் ஒன்றாகத் தெரியும். பின்னால் கறுப்புத் துணி கட்டியிருந்தால் இரண்டாவது உருவம் அந்தரத்தில் மிதக்கும். 1901-ல் எடுத்த படம் ஒன்றில் மெலியெஸ் தன் தலையையே ரப்பர் பந்துபோல ஊதி ஊதிப் பெரிதாக்குவார். கறுப்புத் துணிக்கு முன்னால் தள்ளுவண்டியில் உட்கார்ந்து, சரிவான பலகையில் காமிராவை நோக்கி நகர்ந்து வந்திருக்கிறார், அவ்வளவுதான். அடுத்த ஆண்டு சந்திரனுக்கே படத்தில் பயணம் போனார்.

நம் நாட்டில் அந்த வழியில் வந்தவர் தாதாசாகேப் பால்கே. அவரும் மாயாஜாலம் கற்றவர். தன் பெயரின் எழுத்துகளை முன்பின்னாக மாற்றி, புரொபசர் கெல்பா என்ற பெயரில் வித்தை காட்டியவர். பம்பாயில் இயேசுவின் வாழ்க்கைப் படத்தைப் பார்த்தபோது, கண்ணனும் ராமனும் இதேபோலத் திரையில் நடப்பதை மனசுக்குள் பார்த்ததாக அவர் எழுதியிருக்கிறார். 1913-ல் ‘ராஜா அரிச்சந்திரா’, 1917-ல் ‘லங்கா தகனம்’, 1919-ல் ‘காளிய மர்த்தனம்’.

இயேசு படம் தமிழ்நாட்டுக்கு வந்த கதையில் இன்னொரு பிரெஞ்சுக்காரர் வருகிறார். 1905-ல் திருச்சியில் தூப்போன் என்ற பிரெஞ்சுக்காரர் ஊர் ஊராகப் படம் காட்டி வந்தவர், உடம்பு முடியாமல் நின்றுபோனார். ரயில்வேயில் வரைபடம் வரையும் வேலையில் இருந்த சாமிக்கண்ணு வின்சென்ட் அவருடைய படக்கருவியையும் சுருள்களையும் 2,250 ரூபாய்க்கு வாங்கிக்கொண்டார். அந்தச் சுருள்களில் ஒன்று இயேசுவின் வாழ்க்கை. வின்சென்ட் வேலையை விட்டுவிட்டு, அந்தப் பெட்டிகளோடு தெற்கிலிருந்து வடக்கே பெஷாவர்வரை போய்க் காட்டினார். பிறகு 1914-ல் கோயம்புத்தூரில் வெரைட்டி ஹால் கட்டினார். அக்காலத்தில் பிரான்சின் பாத்தே கம்பெனி எடுத்த இயேசு படங்களில் வானதூதர்கள் திடுமெனத் தோன்றுவார்கள், இயேசு தண்ணீர்மேல் நடப்பார், மேகத்துக்குள் ஏறுவார். ஒவ்வொரு பிலிம் கட்டத்துக்கும் அச்சுத்தகடு வைத்து வண்ணம் ஏற்றியிருப்பார்கள். மெலியெஸின் தந்திரங்கள் அப்படியே பக்திக்குப் பயன்பட்டன. நம் சனங்களுக்கு அது புதிதாகவும் இருந்தது, பழகியதாகவும் இருந்தது.

அந்தப் படங்களைப் போலவே வில்லியனூர் லூர்து மாதாவின் சுரூபமும் பிரான்சிலிருந்து வந்ததுதான், 1877-ல். இன்றும் ஆண்டுதோறும் திருவிழா நடத்தி, தேரில் வைத்து வீதிவலம் அழைத்துப் போகிறோம். திருக்காமீசுவரர் தேரில் பிரெஞ்சு கவர்னர் வடம்பிடித்த வழக்கத்தை இன்றைய துணைநிலை ஆளுநர்வரை தொடர்ந்து வைத்திருக்கிறோம். பாகூர் மூலநாதர் கோயில் சுவரில் உள்ள சோழர் காலத்து எழுத்தைப் பற்றிப் பெருமையாகப் பேசுகிறோம். ஒரு பொருளைத் தலைமுறை தலைமுறையாகக் காப்பாற்ற நமக்குத் தெரியும். காப்பாற்ற வேண்டிய பொருள் என்று படத்தை, படக்கொட்டகையை, அதைப் பார்த்தவர்களின் வாய்ப்பேச்சை நாம் எண்ணவில்லை. காசு கொடுத்து மூன்று மணி நேரம் பார்த்துவிட்டு எழுந்து வருகிற பொழுதுபோக்கு என்று எண்ணினோம்.

என் வயசுக்காரர்களுக்கு ஊமைப்படம் பார்க்கக் கிடைக்கவில்லை. ஆனால் அதன் தந்திரங்கள் எங்களுக்குக் கிடைத்தன. கீற்றுக் கொட்டாயில் மணலைக் குவித்து உட்கார்ந்து பார்த்த புராணப் படங்களில் எல்லாம் அதே வேலைதான். நாரதர் புகையோடு தோன்றுவார். இரண்டு பக்கத்து அம்புகளும் வானத்தில் சந்தித்து முட்டிக்கொள்ளும். பெயர் போடும்போது ‘தந்திரக் காட்சிகள்’ என்று ஒரு வரி வரும். அதில் ஒரு மனிதரின் பெயர் இருக்கும். அந்தப் பெயரை நாங்கள் ஒருநாளும் படித்ததில்லை. கதாநாயகன் பெயருக்கு விசில் அடித்தோம். பெயர் போட்டு முடியட்டும் என்று வேர்க்கடலை உரித்துக்கொண்டிருந்தோம்.

கொட்டாயில் ஒரே ஒரு புரொஜெக்டர். சுருள் மாற்ற மாற்ற விளக்கு எரியும். ஓடும்போது பிலிம் அறுந்தால் ஆபரேட்டர் கத்தரித்து ஒட்டுவார். அப்படிக் கத்தரித்த துண்டுகள் எப்படியோ பெட்டிக்கடைக்கு வந்துவிடும். ஐந்து பைசாவுக்கு ஒன்றிரண்டு துண்டுகள் கிடைக்கும். அதை வைத்து வீட்டுக்குள்ளேயே நாங்கள் படம் காட்டினோம். எரிந்துபோன குண்டு பல்பின் அடிப்பித்தளையைத் தட்டி எடுத்து, உள்ளே இருக்கும் கம்பியை உதிர்த்து, சுத்தமான தண்ணீர் ஊற்றுவோம். கதவைச் சாத்தி, ஓட்டு இடுக்கில் துணி அடைத்து, அறையை இருட்டாக்குவோம். வாசலில் ஒருவன் வெயிலில் நின்று முகம் பார்க்கும் கண்ணாடியால் கதவு இடுக்கு வழியாக வெளிச்சத்தை உள்ளே அனுப்புவான். வெளிச்சத்துக்கு முன்னால் பிலிம் துண்டைத் தலைகீழாகப் பிடிக்க வேண்டும், அப்போதுதான் பல்பு வழியாகப் போய் நேராக விழும். அப்பாவின் வேட்டி திரை. அதில் ஒரு முகம் பெரிதாக, ஓரமெல்லாம் கலங்கி, நடுவில் மட்டும் தெளிவாக விழும். வாசலில் நிற்பவன் கை சலித்து நகர்ந்தால் முகம் சுவரேறிப் போய்விடும். உள்ளேயிருந்து எல்லோரும் கத்துவோம்.

அந்தத் துண்டுகளில் சிலவற்றை இன்று கையில் எடுத்துப் பார்க்க முடிந்தால், எந்தப் படம், எந்த ஆண்டு என்று சொல்லிவிடலாம். ஒன்றும் மிஞ்சவில்லை. நாங்கள் பள்ளிக்கூடம் மாறினோம், புத்தகப்பை மாறியது, துண்டுகள் குப்பைக்குப் போயின. அதற்குப் பிள்ளைகளைக் குறைசொல்ல மாட்டேன். பெரியவர்களான பிறகு நாங்கள் செய்ததைத்தான் சொல்ல வேண்டும். எங்கள் பக்கத்துக் கொட்டாய் ஒன்று மூடியபோது, புரொஜெக்டரை உடைத்து, இரும்பு தனி, பித்தளை தனி என்று நிறுத்து எடுத்துக்கொண்டு போனார்கள். ஊரே நின்று பார்த்தது. மிச்சமிருந்த சுருள்களை வாங்கிக்கொண்டு போனவர் எதற்கு வாங்குகிறார் என்று யாரும் கேட்கவில்லை. தகர டப்பாக்கள் மட்டும் சில வீடுகளுக்கு வந்தன. எங்கள் வீட்டிலும் ஒன்று இருந்தது. ஆயா அதில் பீர்க்கங்காய் விதையும் அவரை விதையும் போட்டு வைத்திருந்தார். மூடியில் படத்தின் பெயர் பெயிண்டில் எழுதியிருந்தது. தேய்த்துத் தேய்த்துக் கழுவியதில் அந்த எழுத்து போய்விட்டது. அதில் என்ன எழுதியிருந்தது என்று இன்று எங்கள் வீட்டில் ஒருவருக்கும் நினைவில்லை.

இதைவிடப் பெரிய இழப்பு ஆட்களுடையது. 1910-ஐ ஒட்டிப் பிறந்தவர்கள் பேசாத படத்தையும் பார்த்தவர்கள், பேசும் படத்தையும் பார்த்தவர்கள். அவர்களில் பலர் நம் வீட்டுத் திண்ணைகளில் 1980கள் வரை உட்கார்ந்திருந்தார்கள். திரைக்குப் பக்கத்தில் ஓர் ஆள் நின்று கதை சொல்லுவார், படிக்கத் தெரியாத சனங்களுக்கு எழுத்தைப் படித்துக் காட்டுவார், சண்டை வந்தால் அவரே சத்தம் கொடுப்பார் என்றெல்லாம் அவர்கள் சொல்லத்தான் செய்தார்கள். நாம் தொலைக்காட்சிப் பெட்டி வாங்கியிருந்த நேரம் அது. ஞாயிற்றுக்கிழமை சாயங்காலம் படம் போடும்போது கிழவர் பேசினால், ‘சும்மா இரு தாத்தா, வசனம் கேக்கல’ என்று சொன்னோம். அவர் பார்த்த படம் என்ன, எந்த ஊரில், யார் கதை சொன்னது, எப்படிச் சொன்னார் என்று ஒரு நோட்டில் எழுதியிருந்தால், புதுச்சேரிக் கிராமங்களின் திரை வரலாறு இன்று நம் கையில் இருந்திருக்கும். அதற்கு ஒரு பேனாவும் ஒரு மாலைப்பொழுதும் போதும். நடராஜ முதலியாரே 1970களின் தொடக்கம்வரை உயிரோடிருந்தார். தியடோர் பாஸ்கரன் போன்ற திரை வரலாற்று ஆய்வாளர்கள் சிலர் தனியாளாக அலைந்து தேடியதால்தான் அந்தக் காலத்தைப் பற்றி இன்று நமக்கு இவ்வளவாவது தெரிகிறது. நம் ஊரிலும் அப்படி ஒருவர் வந்து கேட்பார் என்று நாம் காத்திருந்தோம் போலும். வீட்டுக்குள் இருந்தவரிடம் கேட்க வெளியூர்க்காரர் வரவேண்டியதில்லை.

கூத்தின் கதையும் இதேதான். பதினெட்டு நாள் பாரதம் பல ஊர்களில் பத்து நாளானது, பிறகு மூன்று நாளானது. விடிய விடிய உட்கார முடியவில்லை, காலையில் வேலைக்குப் போக வேண்டும் என்றோம். உண்மைதான், தொழிற்பேட்டைக்கு ஷிப்டுக்குப் போகிறவர்களால் முடியாது. ஆனால் அதே பணத்தில், அதே மைதானத்தில், நள்ளிரவு தாண்டும்வரை பாட்டுக் கச்சேரி வைக்க நமக்கு முடிந்தது. கூத்து வாத்தியாருக்கு ஒதுக்கும் தொகை மேடை விளக்குக்குக் கொடுப்பதைவிடக் குறைவாக இருந்தபோது, கோயில் கமிட்டியில் உட்கார்ந்திருந்த நாம் கணக்கைச் சரிபார்த்துக் கையெழுத்துப் போட்டோம். சேலைகளை எப்படி முடிந்து வைப்பது, எந்த அடவில் துச்சாதனன் முகம் திருப்ப வேண்டும், சபை எப்போது முடிச்சைப் பார்க்கும், எப்போது பார்க்காது என்பதெல்லாம் அந்த வாத்தியார்களுக்குத்தான் தெரியும். ஊமைப்படத் தந்திரத்துக்கு முன்னால் நம் கண்ணைப் பழக்கியவர்கள் அவர்கள். அவர்களின் பிள்ளைகள் இன்று வேறு வேலைக்குப் போய்விட்டார்கள். போகாதே என்று சொல்லும் தகுதி நமக்கு இல்லை.

2011-ல் ‘லைஃப் ஆஃப் பை’ படத்தின் ஒரு பகுதியைப் புதுச்சேரியில் எடுத்தார்கள். நம் பிள்ளைகள் கூட்டத்தில் நிற்கப் போனார்கள், நாமும் வேடிக்கை பார்க்கப் போனோம். அந்தப் படத்தில் வரும் புலி பெரும்பாலும் கம்ப்யூட்டரில் செய்த புலி என்று தெரிந்ததும் எவ்வளவு வியந்தோம்! அது எப்படிச் செய்தார்கள் என்று பிள்ளைகளுக்குப் பொறுமையாக விளக்கினோம். அந்த வியப்பு நல்லதுதான். அந்தப் புலிக்கும், அந்தரத்தில் தோன்றிய நாரதருக்கும், நம் களரியில் வளர்ந்த சேலைக்கும் ஒரே வம்சம் என்று சொல்லிக்கொடுக்க நமக்குத் தோன்றவில்லை. நமக்கே அது மறந்துபோயிருந்தது.

அதே 2011-ல் கான் திரைப்பட விழாவில் மெலியெஸின் சந்திரப் பயணம் வண்ணத்தில் திரையிடப்பட்டது. அவர் கதையும் சோகமானதுதான். முதல் உலகப் போரின்போது அவருடைய பிரதிகளில் பலவற்றை உருக்கி, வெள்ளி எடுத்து, செல்லுலாய்டைச் சிப்பாய்களின் பூட்ஸ் குதிகாலுக்குப் பயன்படுத்தினார்கள். 1923-ல் கையில் மிஞ்சிய மூலச்சுருள்களை அவரே தோட்டத்தில் போட்டு எரித்தார். பிறகு மோன்பர்னாஸ் ரயில் நிலையத்தில் பொம்மையும் மிட்டாயும் விற்றுப் பிழைத்தார். ஐந்நூறுக்கு மேல் எடுத்தவரின் படங்களில் ஏறக்குறைய இருநூறு மீண்டும் கிடைத்திருக்கின்றன. கையால் வண்ணம் தீட்டிய சந்திரப் படம் அடியோடு போய்விட்டது என்றுதான் நினைத்திருந்தார்கள். 1993-ல் பார்சலோனாவில் ஒரு பிரதி, ஒட்டிப் பாறைபோல இறுகிய நிலையில் கிடைத்தது. கட்டம் கட்டமாகப் பிரித்தெடுக்கப் பல ஆண்டுகள் ஆயின. தொண்ணூறு ஆண்டுகள் எங்கோ ஒரு பெட்டியில் யாரோ எறியாமல் வைத்திருந்திருக்கிறார்கள்.

அந்தச் செய்தியைப் படித்த பிறகு நாங்கள் சிலர் சேர்ந்து ஒரு காரியம் செய்தோம். பால்கேயின் ‘காளிய மர்த்தனம்’ பெரும்பகுதி பிழைத்திருக்கிறது. அதைக் கிராமத்துப் பள்ளிச் சுவரில் காட்டினோம். பக்கத்தில் நின்று கதை சொல்ல ஒரு கூத்து வாத்தியாரை அழைத்தோம். படத்தின் தொடக்கத்தில் பால்கேயின் மகள் மந்தாகினி வருவாள், ஏழு வயசுச் சிறுமி. வேடம் எதுவும் இல்லாமல், காமிராவைப் பார்த்துச் சிரிப்பு, கோபம், பயம் என்று முகபாவம் காட்டுவாள். பார்த்துக்கொண்டிருக்கும்போதே அவள் உருவம் கரைந்து, அதே இடத்தில் கிரீடம் வைத்த கண்ணன் நிற்பான். வாத்தியார் அதுவரை கொஞ்சம் தயங்கித் தயங்கிப் பேசிக்கொண்டிருந்தவர், அந்த இடத்தில் நிறுத்தச் சொல்லி, மறுபடி போடச் சொன்னார். ‘வேஷம் கட்டுறதுக்கு முன்னாடி மொகத்தக் காட்டிட்டாங்க பாருங்க. மறைக்கவே இல்ல. நாங்களும் தெரை புடிச்சு உள்ள வரும்போது யாரு என்னான்னு சொல்லிட்டுத்தானே ஆடுறோம்’ என்றார். அதன் பிறகு படம் முடியும்வரை அவர் குரல் நிற்கவில்லை. காளியன் தண்ணீருக்குள் கண்ணனைச் சுற்றும்போது அவர் பாடியே கதை சொன்னார். பிள்ளைகள் எழுந்துபோகவில்லை.

இதை எல்லா ஊரிலும் செய்யலாம், பெரிய செலவு இல்லை. ஆனால் அதற்கு முன் செய்யவேண்டியது வீட்டுக்குள் இருக்கிறது. எண்பது வயதைத் தாண்டியவர்கள் இன்னும் இருக்கிறார்கள். அவர்கள் ஊமைப்படம் பார்த்திருக்க முடியாது. ஆனால் பார்த்தவர்கள் சொல்லக் கேட்டவர்கள் அவர்கள். டெண்ட் கொட்டாய் நடத்தியவர்கள், அங்கே டிக்கெட் கிழித்தவர்கள், மாட்டுவண்டியில் தட்டி கட்டி நோட்டீஸ் கொடுத்தவர்கள். அவர்கள் பேசுவதைச் செல்போனில் பதிவு செய்துகொள்ளுங்கள். பாட்டுப் புத்தகம், நோட்டீஸ், டிக்கெட் கட்டு எது கிடைத்தாலும் எடுத்து வையுங்கள்.

பரணில் பழைய பிலிம் டப்பா இருந்தால், முதலில் அதை ஓட்டு வீட்டு வெக்கையிலிருந்து கீழே இறக்கி, குளிர்ந்த, காற்றோட்டமான இடத்தில் வையுங்கள். மூடியில் இருக்கும் எழுத்தைத் துடைக்காதீர்கள். அதைப் போட்டோ எடுத்துக்கொள்ளுங்கள். வினிகர் வாடை அடித்தால் பிலிம் அழிந்துகொண்டிருக்கிறது என்று அர்த்தம், ஆனாலும் அதில் மீட்க ஏதாவது இருக்கலாம். 1950களின் தொடக்கத்துக்கு முந்தைய பிலிம் என்றால் அது எளிதில் தீப்பற்றும் நைட்ரேட்டாக இருக்கக்கூடும். அடுப்பங்கரைப் பக்கம் கொண்டுபோக வேண்டாம், வெயிலில் காயவைக்க வேண்டாம், பிள்ளைகள் கையில் கொடுக்க வேண்டாம். சுருளை இழுத்துப் பார்க்காமல், 1964-லிருந்து புனேயில் இயங்கிவரும் தேசியத் திரைப்பட ஆவணக் காப்பகத்துக்கு எழுதுங்கள். எடைக்குப் போடுவது மட்டும் வேண்டாம்.